நான்காம் முறையில் குளித்தவர்கள்

“உள்ள போனது ஒருத்தன், வெளிய வந்தது வேற ஒருத்தனாம்” என்று யாரோ யாரிடமோ சொல்லிக்கொண்டு போனது, ஆற்றின் பனிக்கட்டியில் வெட்டிய துளைக்குள் வாளியை இறக்கிக்கொண்டிருந்த உஸ்தீனியாவின் காதில் விழுந்தது. அவள் நிமிர்ந்து பார்ப்பதற்குள் சொன்னவளும் கேட்டவளும் தோளில் காவடித்தண்டும் அதன் இரு முனைகளிலும் தளும்பும் வாளிகளுமாகக் கரையேறிப் போயிருந்தார்கள். குடித்துவிட்டு விழுந்து கிடந்த எவனைப் பற்றியோ பேச்சு என்று நினைத்து, அவளும் தன் வாளிகளை நிரப்பிக்கொண்டு நடந்தாள். வீட்டு வாசலை அடைவதற்குள் விஷயம் முழுவதும் அவளுக்குத் தெரிந்துவிட்டது. கொசிரேவோ கிராமத்தில் ஒன்றைத் தெரிந்துகொள்ள யாரும் யாரையும் கேட்க வேண்டியதில்லை, கொஞ்சம் மெதுவாக நடந்தால் போதும்.

விஷயம் இதுதான். அமெரிக்க சார்ஜென்ட் ரட்டக் சனிக்கிழமைக் குளியலுக்கு நான்காம் முறையில் உள்ளே போய், சில வருடங்களுக்கு முன் மரக்கட்டைத் தெப்பத்தோடு ஆற்றில் இறங்கிப் போய்த் திரும்பாத சீதொர் என்பவனின் முகத்தோடு வெளியே வந்திருந்தான். முகம் மட்டும்தான். கழுத்துக்குக் கீழே பழைய சார்ஜென்ட், குரலும் பழைய குரல், நடையும் பழைய நடை. முகம் மட்டும் தாடியும் வெட்டுத் தழும்பும் எப்போதும் சந்தேகப்படும் சின்னக் கண்களுமாக அச்சு அசல் சீதொர்.

ரஷ்யாவின் அந்த வடக்குப் பக்கத்து ஊர்களில் ஒவ்வொரு வீட்டுக்கும் ஆற்றங்கரையில் மரத்துண்டுகளால் கட்டிய ஒரு குளியல் குடில் உண்டு. சனிக்கிழமைதோறும் அடுப்பை மூட்டி, கற்களைப் பழுக்கக் காய்ச்சி, அவற்றின் மேல் தண்ணீர் ஊற்றி, எழும்பும் நீராவியில் உட்கார்ந்து, பிர்ச் மரத்து இலைக்கொத்தால் ஒருவரையொருவர் அடித்துக்கொண்டு வாரத்து அழுக்கையும் வாரத்துக் கோபத்தையும் போக்கிக்கொள்வார்கள். முதல் முறை ஆண்களுக்கு, இரண்டாம் முறை பெண்களுக்கு, மூன்றாம் முறை கிழடுகளுக்கும் குழந்தைகளுக்கும். அதன் பிறகு ஒரு வாளி வெந்நீர், ஒரு துண்டு சோப்பு, புதிதாகக் கட்டிய ஓர் இலைக்கொத்து இவற்றை உள்ளே வைத்துவிட்டு, கதவைச் சத்தமில்லாமல் சாத்திவிட்டு வந்துவிடுவார்கள். நான்காம் முறை, தரைப்பலகைக்கு அடியில் குடியிருப்பவருக்கு. அவரை யாரும் பார்த்ததில்லை, பார்க்க விரும்பியதுமில்லை. அவருக்கும் வாரத்தில் ஒரு நாள் வியர்க்க வேண்டாமா என்பதுதான் ஊரின் நியாயம்.

அமெரிக்கர்கள் இதைக் கெடுத்தது மரியாதையால்தான். மிச்சிகன் என்ற மாகாணத்திலிருந்து வந்த அந்தப் பையன்களை அவர்களுடைய தாய்மார்கள், அடுத்தவர் வீட்டில் எதற்கும் முந்தாதே என்று சொல்லிச் சொல்லி வளர்த்திருந்தார்கள். ரஷ்ய மொழியில் அவர்கள் முதலில் கற்றுக்கொண்ட வாக்கியமே “நீங்க முதல்ல போங்க” என்பதுதான். எனவே சனிக்கிழமைகளில் தோளில் துண்டோடு பனியில் கால் மாற்றி மாற்றி நின்று, வீட்டார் எல்லோரும் குளித்து முடித்த பிறகே உள்ளே போவார்கள். போனால் அங்கே வாளி நிறைய வெந்நீரும் புதுச் சோப்பும் புது இலைக்கொத்தும் காத்திருக்கும். இதெல்லாம் தங்களுக்காகவே எடுத்து வைத்தது என்று நினைத்து நெகிழ்ந்துபோவார்கள். ஊர்க்காரர்கள் தலையில் அடித்துக்கொண்டு வேண்டாம் வேண்டாம் என்று தடுத்தார்கள். போலந்துக் குடும்பத்தில் பிறந்ததால் ரஷ்யப் பேச்சு ஓரளவு புரிந்த ஸ்டான் ஜெலின்ஸ்கி என்ற சிப்பாய் அதை மொழிபெயர்த்தும் சொன்னான். உபசாரத்துக்கு மறுக்கிறார்கள் என்று அமெரிக்கர்கள் இன்னும் ஒரு படி நெகிழ்ந்து, சிரித்துக்கொண்டே உள்ளே போனார்கள்.

அவர்கள் ஏன் இந்த ஊருக்கு வந்தார்கள் என்பதும் இதே போலத்தான், யாருக்கும் சரியாகப் புரியவில்லை. தலைநகரில் ஜார் விழுந்தார், ஜாரை விழவைத்தவர்கள் விழுந்தார்கள், பிறகு சிவப்புக் கொடிக்காரர்கள் வந்தார்கள், அவர்களைப் பிடிக்காத வெள்ளைப் படைக்காரர்களுக்கு உதவ ஆங்கிலேயர்கள் கப்பலில் வந்தார்கள், ஆங்கிலேயர்களுக்கு உதவ இவர்கள். ஆர்க்காங்கெல்ஸ்க் துறைமுகத்தில் இறங்கியபோது கிடங்குகளைக் காவல் காக்க வேண்டும் என்று சொல்லப்பட்டது. பிறகு த்வினா ஆற்றில் கொஞ்சம் மேலே போங்கள் என்று சொல்லப்பட்டது. கொஞ்சம், இன்னும் கொஞ்சம் என்று கொசிரேவோ வந்து சேர்ந்தபோது பனி விழுந்து ஆறு உறைந்துவிட்டது. பிரான்ஸில் பெரிய போர் முடிந்துவிட்டது என்ற செய்தி இலையுதிர்காலத்திலேயே அவர்களுக்கு வந்தது, வீட்டுக்குப் போகலாம் என்ற செய்திதான் வரவில்லை. எதுக்கு வந்தீங்க என்று ஊர்க்காரர்கள் கேட்டால், உங்களுக்காவது தெரியுமா என்று அவர்கள் திருப்பிக் கேட்டார்கள்.

சார்ஜென்டின் முகத்தை ஊர் ஒரு வாரத்தில் செரித்துவிட்டது. நாய்கள் அதற்கும் முன்பே செரித்துவிட்டன. சீதொரின் பழைய நாய் சார்ஜென்டின் பூட்ஸை முகர்ந்து குழம்பி, முகத்தைப் பார்த்துத் தெளிந்து, அன்றிலிருந்து அவன் வாசலிலேயே படுத்துக்கொண்டது. சார்ஜென்ட் தங்கியிருந்ததும் சீதொரின் வீட்டில்தான். அடுத்த வீட்டுக் கப்பித்தோனுக்கும் சீதொருக்கும் இருபது வருடமாக வேலித்தகராறு. சீதொர் போன பிறகு பேச்சற்றுக் கிடந்த கப்பித்தோன் இப்போது தினமும் காலையில் உற்சாகமாக எழுந்து, வேலியருகே வந்து நின்று, உன் பாட்டன் ஒரு சாண் நகர்த்தினான், நீ ஒரு சாண் நகர்த்தினாய் என்று தொண்டை கிழியக் கத்தினான். சார்ஜென்ட் இதை இந்த ஊரின் காலை வணக்கம் என்று எடுத்துக்கொண்டு, கையை நீட்டிக் குலுக்கிவிட்டுப் போனான். கப்பித்தோனுக்கு அது தாங்க முடியாத அவமானமாக இருந்தது, மறுநாள் இன்னும் சீக்கிரமாக எழுந்தான்.

பிறகு படைக்கு முரசு அடிக்கும் தாளக்காரச் சிப்பாய் ஒருவன் போத்தாப்பின் முகத்தோடு வந்தான். போத்தாப் நன்றாகப் பாடுவான், அதைவிட நன்றாகச் சிரிப்பான், ஒருநாள் யாரிடமும் சொல்லிக்கொள்ளாமல் போய்விட்டவன். பிறகு சமையல்காரச் சிப்பாய், பிறகு தந்திக்காரன். பாதிரியார் நிக்காந்தர் மிகவும் யோசித்தார். இந்த முகங்களுக்கு உரியவர்கள் செத்துப்போனார்களா, அவர்களை இறந்தவர்களுக்கான ஜெபத்தில் சொல்வதா, இருப்பவர்களுக்கான ஜெபத்தில் சொல்வதா என்பது அவருடைய கவலை. ஆனால் சமையல்காரன் யாருடைய முகத்தோடு வந்தானோ அந்த ஆள் ஆற்றின் மறுகரையில், சிவப்புப் படையில், பல்வலியோடு உயிருடன் இருக்கிறான் என்று தெரியவந்தது. எனவே முகம் வருவதால் எதுவும் நிரூபணமாகாது என்று ஊர் தீர்மானித்தது. பாதிரியார் ஒரு வாரம் இந்த ஜெபம், மறு வாரம் அந்த ஜெபம் என்று வைத்துக்கொண்டார்.

கேப்டன் வீலாக் காலையில் பெயர் கூப்பிடும்போது கண்களை மூடிக்கொள்ளப் பழகினார். மூடிக்கொண்டால் குரல்கள் சரியாக இருந்தன. மேலிடத்துக்கு அவர் எதையும் தெரிவிக்கவில்லை, எந்த வார்த்தைகளில் தெரிவிப்பது என்று அவருக்குத் தெரியவில்லை. மறுகரையில் இருந்த சிவப்புப் படையிலும் பாதிப் பேர் பக்கத்து ஊர்க்காரர்கள்தான். அவர்கள் துப்பாக்கியை நீட்டிக் குறிபார்த்தால் எதிரே காவலுக்கு நிற்பவன் சீதொராக இருந்தான். “டேய் சீதொர், என் ரம்பத்தை எப்படா குடுக்கப்போற” என்று ஒருவன் அங்கிருந்து கத்தினான். சார்ஜென்ட் ரட்டக் கையசைத்தான். அவனும் அசைத்தான். ஆற்றின் அந்த வளைவில் போர் அதோடு ஏறக்குறைய நின்றுபோனது.

உஸ்தீனியாவின் வீட்டில் தங்கியிருந்தவன் ஆல்வின் ஹூக்ஸ்ட்ரா. சேற்று நிலத்தில் செலரிக் கீரை பயிரிடும் குடும்பம். அவர்கள் ஊரில் குதிரைகள் சேற்றில் புதையாமலிருக்க அவற்றுக்கு அகலமான மரச்செருப்பு மாட்டுவார்கள் என்று அவன் படம் வரைந்து காட்டியபோது, உஸ்தீனியாவின் மாமியார் ஃபெவ்ரோனியா, குதிரைக்குச் செருப்பு போடுகிறவர்கள் பசுவுக்குத் தொப்பி போடுவார்களா என்று விசாரித்தாள். நல்ல பையன். விறகு வெட்டினான், தண்ணீர் சுமந்தான், கேட்காமலே பாத்திரம் கழுவினான். நான்காம் முறையைப் பற்றி அவனுக்கு நன்றாகவே தெரியும், மற்றவர்களைப் பார்த்துவிட்டதால் கவனமாகவும் இருந்தான். ஆனால் கடுங்குளிரில் காவல் முடிந்து விறைத்துப்போய் வந்த ஒரு சனிக்கிழமை, மூன்றாம் முறைக்கு அவன் குடிலின் கதவில் கைவைத்தபோது, பின்னால் ஃபெவ்ரோனியா துண்டோடு வந்து நின்றாள். இடுப்புவலி என்று அன்று பெண்களோடு போகாமல் விட்டவள். அவளை முந்திக்கொண்டு உள்ளே போக அவனுக்கு மனம் வரவில்லை. நீங்க முதல்ல போங்க என்றான். அவள் போனாள், நிதானமாகக் குளித்தாள். அவன் பற்கள் கிட்டிக்க வெளியே நின்றான். அவள் வந்ததும் வேறு வழியில்லாமல் உள்ளே போனான்.

வெளியே வந்தவன் யெர்மொலாய்.

ஃபெவ்ரோனியா துண்டைக் கீழே போட்டுவிட்டாள். மகனே என்று கத்தவில்லை, அழவில்லை. அவன் காதைப் பிடித்து இழுத்து, “தலையைத் துவட்டாம பனியில நிக்காதேன்னு எத்தனை வருஷமா சொல்றேன்” என்றாள்.

யெர்மொலாய் உஸ்தீனியாவின் கணவன். கல்யாணமான முதல் கோடையிலேயே ஜெர்மன் போருக்குப் பிடித்துக்கொண்டு போனார்கள். இரண்டாவது குளிர்காலத்துக்குப் பிறகு அவனைப் பற்றி ஒரு சொல்லும் வரவில்லை. அவனுடைய பூட்ஸ் சத்தம் உஸ்தீனியாவுக்கு நினைவிருந்தது, இருமல் நினைவிருந்தது, ரொட்டியை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு அறுக்கும் விதம் நினைவிருந்தது. முகம் மட்டும் போய்விட்டிருந்தது. எங்கே தேடினாலும் அந்த இடத்தில் மூச்சுப்பட்டு மங்கிய சன்னல்கண்ணாடி போல ஒன்றுதான் இருந்தது. ஃபோட்டோ கிடையாது. கணவனின் முகத்தை மறந்துவிட்டேன் என்று யாரிடம் போய்ச் சொல்வது? அவள் சொல்லவில்லை. இப்போது குடிலின் வாசலில் ஆவி பறக்க நின்றவனைப் பார்த்ததும், தனியாக உயரும் அந்த இடது புருவம், மோவாயின் குழி, எல்லாம் அவற்றுக்குரிய இடத்தில் போய் உட்கார்ந்தன. அவள் திரும்பிக் கொட்டிலுக்குப் போய், ஏற்கெனவே பால் கறந்திருந்த பசுவை மறுபடி கறக்க உட்கார்ந்தாள்.

அன்றிலிருந்து அந்த வீட்டில் ஃபெவ்ரோனியாவுக்கு மகன் இருந்தான். அடுப்பின் மேல் இருக்கும் சூடான படுக்கையை அவனுக்குக் கொடுத்தாள், கஞ்சியின் மேல் பாலேட்டை அவனுக்கு ஊற்றினாள். ரஷ்ய மொழி தெரியாதது, இடது கையால் சாப்பிடுவது, பாத்திரம் கழுவுவது எல்லாவற்றுக்கும் அவள் ஒரே விளக்கம் வைத்திருந்தாள்: பட்டாளத்துக்குப் போனால் பையன்கள் கெட்டுத்தான் போவார்கள். யெர்மொலாஷா என்று செல்லமாகக் கூப்பிட்டால் ஆல்வினும் வந்தான். வராவிட்டால் அவள் மறுபடியும் கூப்பிடுவாள், அது அவனுக்குக் கஷ்டமாக இருந்தது.

உஸ்தீனியா அவனிடம் அதிகம் பேசவில்லை. ஆற்றங்கரையில், கடைத்தெருவில், கோவிலில், யார் கேட்டாலும் ஒரே பதில்தான் சொன்னாள். அவன் யாரோ பெத்த பிள்ளை, முகம் நம்மளோடதுன்னா ஆள் நம்மளோடவனா ஆயிடுவானா, கப்பல் வந்தா அனுப்பிவிட வேண்டியதுதான். ஊர் அவளுடைய நிதானத்தைப் புகழ்ந்தது. அவள் சாப்பாட்டு மேசையில் தன் இடத்தைச் சன்னல் பக்கத்திலிருந்து அவனுக்கு எதிர்ப்பக்கம் மாற்றிக்கொண்டதை ஊர் பார்க்கவில்லை. அவன் வாயைத் திறந்து பேசினால் குரல் தப்பாக இருந்தது, அது அவளுக்கு எரிச்சலூட்டியது. அதனால் அவன் தட்டில் சூப் குறையாமல் பார்த்துக்கொண்டாள். வாய் நிறைய சூப் இருக்கும்வரை அவன் பேசமாட்டான், அதுவரை அவளால் பார்த்துக்கொண்டிருக்க முடியும். வசந்தம் வருவதற்குள் ஆல்வினின் சட்டைப் பொத்தான்கள் இறுகிவிட்டன.

ஆறு உடைந்தது. பனிப்பாளங்கள் ஒன்றையொன்று முட்டிக்கொண்டு வடக்கே போயின, அவற்றின் பின்னால் செய்தி தெற்கே வந்தது: அமெரிக்கர்கள் கிளம்ப வேண்டும், அடுத்த வாரம் சனிக்கிழமை மாலை நீராவிப் படகு வரும். கேப்டன் வீலாக் எல்லோரையும் நிற்கவைத்து, பல மாதங்களுக்குப் பிறகு கண்ணைத் திறந்து அவர்களைப் பார்த்தார். துறைமுகத்தில் தன்னை நம்பக்கூடிய ஆள் ஒருவரும் இருக்கமாட்டார்கள் என்றார். தாடி வைத்த ரஷ்ய விவசாயிகளை அமெரிக்கச் சீருடையில் படகேற்றினால் ஒற்றர்கள் என்று பிடித்துக்கொள்வார்கள், எனவே சொந்த முகம் உள்ளவன் ஏறலாம், இல்லாதவன் இங்கேயே இருக்க வேண்டியதுதான் என்று வருத்தத்தோடு சொன்னார்.

சார்ஜென்டை முதலில் கழுவிப் பார்த்தார்கள். சீதொரின் தங்கை நான்காம் முறையில் கூடவே போய்த் தேய்த்தாள். பாதிரியார் புனிதநீரால் தேய்த்தார். சீதொர் சந்தேகத்தோடு பார்த்துக்கொண்டே இருந்தான். வேலியோரம் நின்று வேடிக்கை பார்த்த கப்பித்தோன் கடைசியில் பொறுக்கமாட்டாமல், ஒருத்தருக்கும் தேய்க்கத் தெரியவில்லை என்று உள்ளே புகுந்து, சோப்பைப் பிடுங்கி, “போய்த் தொலைடா ரட்டக்” என்று அவன் சொந்தப் பெயரைச் சொல்லி நன்றாக ஒரு தேய் தேய்த்தான். அடுப்புக்கரி போவதுபோல சீதொர் நுரையோடு வழிந்துபோனான். அடியிலிருந்து புள்ளிபுள்ளியாக ஒரு சிவந்த மூக்கு வெளியே வந்தது. கப்பித்தோன் படியில் உட்கார்ந்து, கண்ணில் புகை பட்டுவிட்டது என்று வெகுநேரம் துடைத்துக்கொண்டிருந்தான்.

ஊர் சூட்சுமத்தைப் பிடித்துக்கொண்டது. அந்த முகம் போகக்கூடாது என்று எவர் மற்ற எல்லோரையும்விட அதிகமாக நினைக்கிறாரோ அவர் மனசார விட்டு, உள்ளே இருப்பவனின் சொந்தப் பெயரைச் சொல்லித் தேய்த்தால்தான் அது போகும். தாளக்காரனுக்கு போத்தாப்பின் மனைவி போதும் என்று நினைத்தார்கள், அவள் கையால் போகவில்லை. வேறு இரண்டு பெண்கள் தாங்களாகவே முன்வந்தார்கள், ஊர் அவர்களைக் குறித்துக்கொண்டது, முகம் போகவில்லை. கடைசியில் பாதிரியாரின் மனைவி, போத்தாப் என்ற பெயரை யாரும் அவள் வாயிலிருந்து கேட்டறியாதவள், கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்து, பாவாடை நுனியை இழுத்துச் செருகிக்கொண்டு உள்ளே போனாள். உடனே போய்விட்டது. ஊரே அப்போது ஆற்றைப் பார்த்துக்கொண்டிருந்தது. அந்த ஞாயிற்றுக்கிழமைப் பிரசங்கம் மிகவும் சிறியதாக இருந்தது.

ஆல்வினின் விஷயத்தில் யாருக்கும் சந்தேகமே இல்லை. ஃபெவ்ரோனியாதான். அவளோ முடியாது என்றுவிட்டாள். கழுவவும் முடியாது, அனுப்பவும் முடியாது. சனிக்கிழமை அவனை வைக்கோல் கொட்டிலில் ஒளித்துவைப்பதாகவும், படகு போனபின் இவன் யெர்மொலாய் என்று ஊரே சத்தியம் செய்யும் என்றும், வெள்ளைப் படை வந்தாலும் சிவப்புப் படை வந்தாலும் ஒரு விவசாயியின் முகத்தைப் பார்த்து நீ அமெரிக்கன் என்று எவனும் சொல்லமாட்டான் என்றும் திட்டம் வைத்திருந்தாள். பக்கத்து வீடுகளில் பேசியும் முடித்திருந்தாள்.

“விட்டுடுங்க அத்தை” என்றாள் உஸ்தீனியா. “அங்க ஒருத்தி காத்துக்கிட்டிருப்பா.”

“அவளுக்கு வேற பிள்ளைங்க இருக்கும். செலரிக் கீரை இருக்கு. குதிரைக்குச் செருப்பு இருக்கு. எனக்கு என்ன இருக்கு?”

உஸ்தீனியா சொல்லவேண்டியதைச் சொல்லிவிட்டோம் என்ற நிம்மதியோடு சூப்பைக் கிளறினாள்.

வெள்ளிக்கிழமை மத்தியானம் ஆல்வினைக் கூப்பிட வந்த ஸ்டான் ஜெலின்ஸ்கி, வந்ததற்குத் தானும் ஒரு தட்டு கஞ்சியோடு உட்கார்ந்தான். ஆல்வின் சாப்பிடாமல் ஃபெவ்ரோனியாவைப் பார்த்து, மெதுவாக, நிறைய நேரம் ஏதோ சொன்னான். அவன் அவ்வளவு நீளமாகப் பேசி அந்த வீடு கேட்டதில்லை. ஸ்டான் வாயில் இருந்ததை விழுங்கிவிட்டு மொழிபெயர்த்தான்.

“இவன் மூக்கும் நெற்றியும் அப்படியே இவன் அம்மாவோடதாம். ஷேவ் பண்ணும்போது தினமும் கண்ணாடியில அவங்களைப் பார்த்துப்பானாம். கப்பல்ல வரும்போதுகூடப் பார்த்தானாம். இப்போ கண்ணாடியில உங்களைத்தான் பார்க்கறானாம். அதுல குறை ஒண்ணும் இல்லையாம். ஆனா அம்மா எப்படி இருப்பாங்கன்னு யோசிச்சா இப்பல்லாம் வரமாட்டேங்குதாம்.”

“கஞ்சி ஆறுது” என்றாள் ஃபெவ்ரோனியா. “சாப்பிட்டுட்டுப் பேசச் சொல்லு.”

ஆனால் அவள் கை தன் மூக்கைத் தொட்டுப் பார்த்ததை உஸ்தீனியா கவனித்தாள். அவளும் அதன் பிறகு தன் தட்டை விட்டு நிமிரவில்லை. மங்கிப்போன சன்னல்கண்ணாடி மிச்சிகனிலும் உண்டு என்பது அவள் எதிர்பாராதது.

சனிக்கிழமை காலையில் குடிலின் புகைபோக்கியில் புகை வந்தது. ஃபெவ்ரோனியாவே விடிந்ததும் போய் அடுப்பை மூட்டியிருந்தாள். முறை தவறக்கூடாது என்பதால் முதல் முறைக்கு கப்பித்தோனைக் கூட்டிவந்து குளிக்கவைத்தாள். அவன் போன பிறகு தானும் மருமகளும் குளித்தார்கள், அதன் பின் பக்கத்து வீட்டுக் கிழவர் வந்து குளித்துப் போனார். பிறகு வாளியில் வெந்நீரும் சோப்பும் இலைக்கொத்தும் வைத்தாள். வெட்கத்தில் நீளக் கம்பளி உள்ளுடையைக் கழற்ற மறுத்த ஆல்வினை அப்படியே முதுகில் கைவைத்து உள்ளே தள்ளி, பின்னாலேயே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.

உஸ்தீனியா வெளியே நின்றாள். ஆற்றின் கீழ்வளைவில் படகின் புகை தெரிந்தது, துறையில் அமெரிக்கர்கள் மூட்டைகளோடு கூடியிருந்தார்கள், சீதொரின் நாய் சார்ஜென்டின் பூட்ஸை மட்டும் வைத்து அவனை அடையாளம் கண்டுகொண்டு இன்னும் கூடவே நின்றது. உள்ளே கல்லில் தண்ணீர் சீறியது. இலைக்கொத்து விழும் சத்தம் கேட்டது. ஆல்வின் என்று ஃபெவ்ரோனியா கூப்பிட்டாள். அந்தப் பெயரை அவள் சொல்லி உஸ்தீனியா கேட்டது அதுதான் முதல் தடவை. பிறகும் ஒருமுறை, குரல் உடைந்து, இன்னொருமுறை.

கதவு திறந்தது. ஃபெவ்ரோனியாவின் தலைத்துணி நனைந்து கன்னத்தோடு ஒட்டியிருந்தது. அவளுக்குப் பின்னால் ஆல்வின், நனைந்த கம்பளி உள்ளுடையில் நீர் சொட்ட, இறால் போலச் சிவந்து நின்றான். முகம் யெர்மொலாயின் முகம். எப்போதையும்விடச் சுத்தமாக, எப்போதையும்விடத் தெளிவாக இருந்தது.

“தோல் உரியற மாதிரி தேய்ச்சிட்டேன்” என்றாள் ஃபெவ்ரோனியா. மூச்சு வாங்கிக்கொண்டாள். “நான் மனசார விட்டுட்டேன், உஸ்தீனியா. பொய்யில்ல. விட்டுட்டுதான் கூப்பிட்டேன்.”

உஸ்தீனியா தரையைப் பார்த்தாள்.

“இந்த வீட்டுல என்னை விட்டா வேற யார் இருக்கா?” என்று மாமியார் கேட்டாள். அதில் கோபம் இல்லை. உண்மையாகவே இப்போதுதான் எண்ணிப் பார்ப்பவள் போலக் கேட்டாள்.

படகு ஊதியது. கரையில் யாரோ ஹூக்ஸ்ட்ரா, ஹூக்ஸ்ட்ரா என்று கத்தினார்கள்.

“தண்ணி ஆறிப்போயிருக்கும் அத்தை” என்றாள் உஸ்தீனியா.

“கல்லு சூடாத்தான் இருக்கு.”

ஃபெவ்ரோனியா கையிலிருந்த சோப்பை நீட்டினாள். அது தேய்ந்து சின்னதாகிவிட்டிருந்தது. உஸ்தீனியா அதை வாங்கிக்கொண்டு, சட்டைக்கையை முழங்கைக்கு மேல் ஏற்றிவிட்டு, ஆல்வினைத் திருப்பி உள்ளே நடத்திப்போய்த் தாழ்ந்த பலகையில் உட்காரவைத்தாள். கல்லில் ஒரு குவளை தண்ணீர் ஊற்றினாள். ஆவி எழுந்து அடங்கும்வரை அவன் எதிரே மண்டியிட்டு அமர்ந்து, அவன் தட்டில் சூப் இல்லாமல், மேசை நடுவில் இல்லாமல், அந்த முகத்தைப் பார்த்தாள். அவன் பேசவில்லை. பிறகு கண்ணை மூடிக்கொள் என்று சைகை காட்டினாள். அவன் மூடிக்கொண்டதும், உள்ளங்கைகள் இரண்டிலும் நுரை எடுத்து, ஆல்வின் என்று கூப்பிட்டு, நெற்றியிலிருந்து கீழ்நோக்கித் தேய்த்தாள்.